செத்த ஃப்ரிட்ஜில் நூற்று ஆறு முட்டை: திக்லிபூர் வரை ஒரு பஸ் பயணம்

திக்லிபூருக்கு எல்லோரும் ஆமை பார்க்கப் போவார்கள், மலை ஏறப் போவார்கள். நான் போனது ஒரு சுவிட்சு மாற்ற. பிப்ரவரி இரண்டாம் வாரம், திங்கட்கிழமை மத்தியானம், போர்ட் பிளேரில் நான் வேலை பார்க்கும் ஃப்ரிட்ஜ் ரிப்பேர் கடைக்கு வளர்மதி அக்காவிடமிருந்து போன் வந்தது. பெரியம்மா மகள். கல்யாணமாகி திக்லிபூரில் இருக்கிறாள்.

"டேய், உன் பெட்டிக்குப் பைத்தியம் புடிச்சிருச்சு. லைட்டு அணையவே மாட்டேங்குது. முப்பத்தொம்பது தாண்டிருச்சு. ப்ளக்கைப் புடுங்கி வெச்சிருக்கேன். இன்னைக்குப் பதினஞ்சாவது நாளு. கெளம்பி வா."

இதற்கு ஒரு முன்கதை உண்டு. நான் சென்னையில் இன்ஸ்ட்ருமென்டேஷன் படித்தேன். மூன்றாம் வருடத்தில் விட்டுவிட்டு வந்துவிட்டேன். கண்ட்ரோல் சிஸ்டம்ஸ் என்ற பேப்பரில் இரண்டு தடவை ஃபெயில். அந்தப் பேப்பர் சொல்வது இவ்வளவுதான்: ஒன்றை அளந்து பார், வேண்டிய அளவோடு ஒப்பிடு, வித்தியாசம் இருந்தால் ஏதாவது செய், மறுபடியும் அள. ஃப்ரிட்ஜ் செய்வது அதுதான். காலையில் வெந்நீர்க் குழாயையும் தண்ணீர்க் குழாயையும் மாற்றி மாற்றித் திருகுகிறோமே, அதுவும் அதுதான். இது தெரிந்தும் ஏன் ஃபெயிலானேன் என்று கேட்டால், பரீட்சை ஹாலில் மூன்று மணி நேரம் உட்கார என்னால் முடியாது.

ஜனவரியில் திக்லிபூர் போயிருந்தபோது அக்கா வீட்டுப் பின்பக்கம் ஒரு செத்த ஃப்ரிட்ஜ் கிடந்தது. நான்கு பல்பு, ஒரு குட்டி ஃபேன், வெப்பம் அளக்கும் ஒரு போர்டு, கதவில் ஒரு கண்ணாடித் துண்டு. மூன்று நாளில் அதைக் கோழிமுட்டை பொரிக்கும் பெட்டியாக மாற்றிக் கொடுத்தேன். முப்பத்தேழரை டிகிரிக்குக் கீழே போனால் பல்பு எரியும், மேலே போனால் அணையும். பெருமை தாங்கவில்லை எனக்கு.

அக்கா அக்கம்பக்கத்தில் சொல்லி நூற்று இருபது முட்டை வாங்கி வைத்துவிட்டாள். எல்லாம் நாட்டுக்கோழி முட்டை. ஒவ்வொன்றிலும் பென்சிலில் வீட்டுக்காரர் பெயர். வங்காள எழுத்தில் சில, தெலுங்கில் சில, எழுதத் தெரியாதவர்கள் போட்ட குறுக்குக் கோடும் வட்டமுமாகச் சில. பத்தாம் நாள் டார்ச் அடித்துப் பார்த்துக் கரு இல்லாத பதினான்கை எடுத்துவிட்டாள். மீதி நூற்று ஆறு. அதில் எட்டு, பக்கத்து வீட்டு சுமித்ரா மாஷியுடையது. மாஷி என்றால் வங்காளத்தில் சித்தி. மாஷிக்கு ஒரு கறுப்புக் கோழி இருந்தது. அது நோயில் செத்துப்போவதற்கு முன் கடைசியாக இட்ட எட்டு முட்டை. அந்த வம்சத்தில் மிச்சம் அவ்வளவுதான். முட்டை கெட்டால் அக்கா மாஷி முகத்தில் முழிக்க வேண்டும். நான் அக்கா முகத்தில்.

கடையிலிருந்து புது போர்டு ஒன்றையும் ரிலே இரண்டையும் எடுத்துக்கொண்டேன். ரிலே என்பது போர்டு சொல்கிறபடி பல்பைப் போட்டு அணைக்கும் தீப்பெட்டி அளவு சுவிட்சு. செவ்வாய் காலை 4 மணி பஸ். டிக்கெட் எனக்கு 390 ரூபாய் ஆனது. விலை மாறும், கவுண்டரில் கேட்டுக்கொள்ளுங்கள். மொத்தம் 325 கிலோமீட்டர், பன்னிரண்டு மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. முதல் வரிசை சீட் கேட்டு வாங்குங்கள். பின்னால் உட்கார்ந்தால் முதுகு உங்களுடையதாக இருக்காது.

ஊர் தாண்டும் வரை கண் சொக்கிக்கொண்டே வந்தது. பெரார்கஞ்ச் வந்தபோது அறுத்து முடித்த வயல்களின் மேல் பனி ஓர் அடி உயரத்துக்குப் படுத்திருந்தது. அதற்கு மேலே பாக்கு மரங்கள் வேரில்லாமல் நிற்பது போல இருந்தன. பஸ்ஸில் யாரும் பேசவில்லை. நாற்பது பேர் சேர்ந்து ஒரே கனவைக் காண்பது போல எல்லாத் தலைகளும் ஒரே பக்கம் ஆடின.

5:35க்கு ஜிர்காடாங். போர்ட் பிளேரிலிருந்து 49 கிலோமீட்டர். இங்கே ஒரு கேட். அதற்கு அப்பால் காடு, அந்தக் காட்டில் வாழ்பவர்களுக்கே உரிய இடம். நாம் தொந்தரவு செய்யாமல் கடந்துபோகத்தான் இவ்வளவு ஏற்பாடும். குறிப்பிட்ட நேரங்களில் மட்டும் கேட் திறக்கும். எல்லா வண்டியும் வரிசையாக, முன்னாலும் பின்னாலும் போலீஸ் வண்டியோடு போக வேண்டும். நாற்பதுக்கு மேல் வேகம் கூடாது. நிறுத்தக் கூடாது, முந்தக் கூடாது, போட்டோ கூடாது. இதைக் கான்வாய் என்பார்கள். அன்று முதல் கான்வாய் 6 மணிக்கு. அதை விட்டால் மூன்று மணி நேரம் டீக்கடையில் உட்கார வேண்டியதுதான். டீ பதினைந்து ரூபாய், வடை சுமார்.

டிரைவர் அண்ணன் தமிழர். அக்காவோடு நான் போனில் பேசியதைக் கேட்டுவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"மடியில என்ன தம்பி, அப்படி இறுக்கிப் புடிச்சிருக்க? நகையா?"

"கோழிக்குஞ்சு பொரிக்கிற பெட்டிக்கு சுவிட்சுண்ணே."

"கோழிக்கு சுவிட்சா. படா ஆளுய்யா நீங்கள்லாம்."

கேட் திறந்தது. எங்களுக்கு முன்னால் ஒரு டூரிஸ்ட் கார். அதற்கு முன்னால் இருந்த லாரி கொஞ்சம் மெதுவானால் போதும், கார் சட்டென்று பிரேக் அடிக்கும். லாரி நகர்ந்ததும் பாய்ந்துபோய் அதன் முதுகில் ஒட்டிக்கொள்ளும். மறுபடி பிரேக். சிவப்பு விளக்கு எரிவதை எண்ண ஆரம்பித்து நாற்பத்தொன்றில் விட்டுவிட்டேன். எங்கள் டிரைவரோ காரிலிருந்து தென்னை மரம் அளவு இடைவெளி விட்டு ஏதோ யோசனையில் இருப்பது போல ஓட்டினார். அவர் கால் பிரேக்குக்குப் போனதே அபூர்வம். எனக்குப் பொறுக்கவில்லை. அங்கே நூற்று ஆறு முட்டை.

"அண்ணே, கொஞ்சம் கிட்டப் போகலாம்ல."

"ஏன், அந்தக் கார்க்காரன் உனக்குச் சொந்தமா?"

"லேட்டாகுதுண்ணே."

"அரே, நான் ஒட்டிப் போனா கான்வாய் வேகமாப் போயிருமா? அவசரம்னா எறங்கித் தள்ளு. ஆனா எறங்குனா கேஸ்."

பக்கத்து சீட்டிலிருந்த ஒருவர் தூக்கத்திலேயே சிரித்தார்.

அதற்குப் பிறகு காடு. இரண்டு பக்கமும் மரங்கள் மேலே போய் ஒன்றையொன்று தொட்டுக்கொள்கின்றன. வெயில் வந்துவிட்டது என்று தெரிகிறது, ஆனால் தரைக்கு வரவில்லை. பச்சை இருட்டுக்குள் வண்டிகள் ஒரே வேகத்தில், ஹாரன் இல்லாமல், ஒரு நீளமான பூச்சி போல ஊர்ந்துபோகின்றன. இந்தக் காட்டுப் பாதையில் எதையாவது பார்க்க வேண்டும் என்று கண்ணைச் சுழற்றிக்கொண்டு வராதீர்கள். பார்க்கப்பட வேண்டாம் என்பவர்களின் வீடு அது.

7:40க்குக் காடு முடிந்து தண்ணீர். பஸ்ஸே ஃபெரியில் ஏறிவிடும். நாம் இறங்கி நடந்து ஏற வேண்டும். இருபது நிமிடம் கடல்வாயைக் கடந்தால் பாராடாங். அலையே இல்லாத தண்ணீர். அலையாத்திக் காட்டின் நிழல் தலைகீழாகக் கிடந்தது, ஃபெரி அதன் மேல் நகர்ந்தது. எஞ்சின் சத்தம்கூட பஞ்சு வழியாக வருவது போல இருந்தது. அக்காவிடம் கேட்க போனை எடுத்தேன். சிக்னல் இல்லை. இந்தப் பாதையில் பாதி தூரம் இருக்காது, வீட்டில் முன்பே சொல்லிவிடுங்கள்.

பாராடாங்குக்கு அப்புறம் அடுத்த கடல்வாயை எப்படித் தாண்டினோம் என்று என்னைக் கேட்காதீர்கள். தூங்கிவிட்டேன். கனவில் பஸ் முழுக்க முட்டைகள் உட்கார்ந்திருந்தன, ஒவ்வொன்றின் நெற்றியிலும் பெயர் எழுதியிருந்தது. ரங்கத்தில் 10:30க்கு எழுப்பினார்கள். பூரி, மீன் குழம்பு, 110 ரூபாய். அங்கே சிக்னல் வந்தது.

"இருக்கு, இருக்கு," என்றாள் அக்கா. "நீ வந்து சேரு. நானும் அத்தானும் மாத்தி மாத்தி ப்ளக்கைப் போட்டுப் புடுங்கிக்கிட்டிருக்கோம். அவரு டியூட்டி இப்போ. தூங்கி விழுறாரு."

3:40க்கு திக்லிபூர். பஸ் ஸ்டாண்டிலிருந்து அக்கா வீடு 6 கிலோமீட்டர், ஆட்டோ 150 ரூபாய். உள்ளே போனபோது சேகர் அத்தான் ஃப்ரிட்ஜுக்கு முன்னால் ஸ்டூல் போட்டு, கையில் ப்ளக்கோடு உட்கார்ந்திருந்தார். அக்கா ஒரு முட்டையை எடுத்து மூடிய கண்ணிமையின் மேல் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். மாஷி சொல்லிக்கொடுத்த வழக்கமாம். இமைக்குச் சூடு உறைத்தால் அதிகம், குளிர்ந்தால் குறைவு, ஒன்றுமே தெரியாவிட்டால் சரி. சுவரில் கரியால் நேரமும் டிகிரியும் எழுதிவைத்திருந்தாள். நேற்று மத்தியானத்திலிருந்து முப்பத்தேழுக்குக் கீழே இறங்கவில்லை, முப்பத்தெட்டைத் தாண்டவில்லை. கையால். எனக்கு நம்ப முடியவில்லை.

கதவைத் திறந்து பார்த்தால், கீழே முட்டைத் தட்டைச் சுற்றிலும் பதினோரு ரம் பாட்டில்கள் வரிசையாக நிற்கின்றன.

"என்னக்கா இது? உள்ள எதையும் வைக்காதன்னு சொன்னேன்ல?"

"கரண்டு போனா குஞ்சுங்க குளிருல கெடக்குமேன்னு தண்ணி ஊத்தி வெச்சேன். சூடு புடிச்சு வெச்சுக்கும்ல. உங்க அத்தான் உழைப்புல வந்த பாட்டிலு."

"வீட்டுக்கு ஒரு ஒதவி," என்றார் அத்தான்.

ரிலேயைக் கழற்றிப் பிரித்தேன். உள்ளே இரண்டு உலோகப் புள்ளிகள் கருகி ஒன்றோடொன்று ஒட்டிப்போயிருந்தன. ஒட்டியதால் பல்பு அணையவில்லை. ஏன் கருகியது என்று யோசித்துக்கொண்டே பழைய போர்டின் செட்டிங்கைப் பார்த்தேன். பார்த்ததும் காது சூடாகிவிட்டது. எத்தனை டிகிரி விலகினால் சுவிட்சு போட வேண்டும் என்று ஓர் அளவு வைக்க வேண்டும். நான் வைத்திருந்தது 0.1. அரை நொடி யோசிக்காமல், இருப்பதிலேயே சிறிய எண்ணை வைத்திருக்கிறேன். காற்றில் ஒரு துளி சூடு மாறினாலும் ரிலே அடித்திருக்கிறது. நிமிடத்துக்கு மூன்று தடவை என்று வைத்தாலும், பதினைந்து நாளில் அறுபதாயிரத்தைத் தாண்டும். யாராக இருந்தாலும் கருகித்தான் போவார்கள்.

"அப்பவே போன்ல சொன்னேன்ல," என்றாள் அக்கா. "பல்லி மாதிரி டக்கு டக்குன்னு அடிச்சுக்கிட்டே இருக்குடா, காது போகுதுடான்னு. நீ என்ன சொன்ன?"

"துல்லியம்னு சொன்னேன்."

"ஆங். துல்லியம்."

"நேத்து எப்படிக் கண்டுபுடிச்ச?"

"பாத்திரம் கழுவிக்கிட்டிருந்தேன். திடீர்னு டக்கு டக்கு நின்னுபோச்சு. அதான் ஓடி வந்தேன்."

பாட்டில் தண்ணீர் சூட்டை உறிஞ்சிக்கொண்டதால்தான் முப்பத்தொன்பதைத் தாண்டியதோடு நின்றிருந்தது. அவை இல்லாமல் நான் சொன்னபடியே வைத்திருந்தால் அத்தனையும் அவித்த முட்டை. இதை அவளிடம் சொல்லவில்லை. இங்கே எழுதுகிறேன், படித்துக்கொள்ளட்டும்.

புது போர்டு, புது ரிலே. விலகல் 0.5. பாட்டில்கள் இருந்த இடத்திலேயே. அப்புறம் முன்னால் உட்கார்ந்து பார்த்தேன். 38.0. அணைந்தது. 37.6. 37.4. 37.2. என் விரல் தானாகப் பட்டனுக்குப் போனது. இறங்குகிறதே, கொஞ்சம் மாற்றி வைத்தால் என்ன? மாற்றினேன். ஏறியது. அதிகமாக ஏறுவது போலிருந்தது, குறைத்தேன். ஒரு மணி நேரத்தில் ஏழு தடவை மாற்றி, அக்கா கரியால் எழுதிய கணக்கைவிட மோசமாகச் சூட்டை ஆட்டிவிட்டேன். அப்போதுதான் அந்த டூரிஸ்ட் காரின் சிவப்பு விளக்கு ஞாபகம் வந்தது. நான் இப்போது செய்த மாற்றம் முட்டைக்குப் போய்ச் சேரவே பத்து நிமிடம் ஆகும். அதற்குள் நான் இன்னொரு பிரேக் அடித்துவிடுகிறேன். முட்டையை வைத்துக்கொண்டு கார்க்காரன் ஓட்டுவது போல ஓட்டியிருக்கிறேன். அந்தப் பேப்பரில் பதினாறு மார்க்குக்கு வந்த கேள்வி இது. நான் எழுதாமல் வெளியே வந்துவிட்டேன்.

அக்கா என் கையைத் தட்டிவிட்டு 37.5, 0.5 என்று வைத்தாள். "இனி தொட்டேன்னா வெரலு இருக்காது. பீச்சுக்குப் போ."

போனேன். புதன், வியாழன், வெள்ளி. காலிபூர் கடற்கரை வீட்டிலிருந்து 12 கிலோமீட்டர், அத்தானின் பைக், பெட்ரோல் 200 ரூபாய். மணல் சாம்பல் நிறம், மலை நேராகக் கடலுக்குள் இறங்குகிறது. கரையில் வேலி போட்ட ஓர் இடத்தில் ஆமை முட்டைகளைப் புதைத்துவைத்து, தேதி எழுதிய குச்சிகளை நட்டிருந்தார்கள். காவலுக்கு இருந்தவரிடம் உள்ளே சூடு எவ்வளவு என்று கேட்டேன். "மணலுக்குத் தெரியும்" என்று ஹிந்தியில் சொல்லிவிட்டுத் துண்டை முகத்தில் போட்டுக்கொண்டார். மேலே வெயில் ஏறி இறங்கியது. ஓர் அடி ஆழத்தில் அந்த வெயில் மெதுவாக, தாமதமாக, பாதியாகத்தான் போய்ச் சேரும். நானும் பக்கத்தில் படுத்தேன். அலை வருவது தெரிந்தது, போவது தெரியவில்லை. எவ்வளவு நேரம் என்று பார்க்கவில்லை. என் வாழ்க்கையில் இது நடந்ததே இல்லை.

வியாழன் பதினெட்டாம் நாள். அன்றிலிருந்து கதவைத் திறக்கவே கூடாது. உள்ளே ஈரம் குறைந்தால் ஓட்டுக்கு உள்ளே இருக்கும் சவ்வு காய்ந்து, குஞ்சு அதிலேயே ஒட்டிக்கொண்டு செத்துவிடும். கிண்ணத்தில் தண்ணீர் ஊற்றி மூடிய பிறகு, அக்கா என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு, தன் துப்பட்டாவால் ஃப்ரிட்ஜைச் சுற்றி மூன்று முடிச்சுப் போட்டாள்.

"இது யாருக்கு?"

"பேரு எழுதணுமா?"

சனிக்கிழமை சாயங்காலம் ஃப்ரிட்ஜுக்குப் பக்கத்தில் பாய் போட்டுப் படுத்திருந்தேன். டக் என்றது. அப்புறம் நீண்ட நேரம் ஒன்றுமில்லை. வெளியே பாக்கு மட்டை விழும் சத்தம், தூரத்தில் கடல். அடுத்த டக் வருமா என்று காத்திருந்த அந்த இடைவெளியில்தான் கேட்டது. கீச். ஓட்டுக்குள்ளேயிருந்து. இன்னொரு மூலையிலிருந்து பதிலாக இன்னொரு கீச். என் பழைய செட்டிங்கில் இது கேட்டிருக்க வாய்ப்பே இல்லை.

ஞாயிறு காலை கண்ணாடி வழியாகப் பார்த்தால் மேல் தட்டில் இருபதுக்கு மேல் ஓடு உடைந்து, நனைந்த குஞ்சுகள் ஒன்றன்மேல் ஒன்று விழுந்துகொண்டிருந்தன. பெயர் எழுதியவர்கள் எல்லோரும் வந்துவிட்டார்கள். ஆனால் மாஷியின் எட்டு முட்டையும் கீழ்த் தட்டில். கண்ணாடியில் அது தெரியாது. தெரியாத மாதிரி கண்ணாடி வைத்தவனும் நான்தான்.

மத்தியானம் வரை மாஷி ஃப்ரிட்ஜ் முன்னால் தரையில் உட்கார்ந்திருந்தார். அறுபது வயதிருக்கும், ஒல்லி, கையில் சங்கு வளையல். "மேரா காலீ கா க்யா ஹுவா?" என்று அரை மணிக்கு ஒரு தடவை கேட்டார். கறுப்பியுடையது என்ன ஆச்சு என்று. மேலே இருபது பொரிந்துவிட்டது, கீழே ஏன் சத்தமில்லை? செத்துவிட்டதா? ஓட்டை உடைக்க முடியாமல் தவிக்கிறதா? ஒரு விரற்கடை திறந்து பார்த்தால் என்ன? அக்கா குழாயடிக்குப் போன நேரம் பார்த்து முதல் முடிச்சை அவிழ்த்தேன். இரண்டாவதில் விரல் வைத்தபோது மணிக்கட்டை யாரோ பிடித்தார்கள்.

மாஷி. கேள்வி கேட்டவர் அவர்தான், முட்டை அவருடையதுதான், பொறுக்க முடியாதவர் யாராவது இருந்தால் அது அவராகத்தான் இருக்க வேண்டும்.

"ரஹ்னே தே," என்றார். இருக்கட்டும் விடு.

கையை விட்டுவிட்டு, ஃப்ரிட்ஜ் கதவில் காதை வைத்துக் கண்ணை மூடிக்கொண்டார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. அவிழ்த்த முடிச்சை நானே திரும்பக் கட்டினேன். அக்கா வந்து பார்த்தாள்.

"இது என் முடிச்சு இல்லையே."

மாஷி கண்ணைத் திறக்காமலே சிரித்தார்.

திங்கட்கிழமை காலை 7 மணிக்கு அக்கா துப்பட்டாவை அவிழ்த்தாள். நூற்று ஆறில் எண்பத்தொன்று பொரிந்திருந்தன. மாஷியின் எட்டில் ஐந்து. இரண்டு மஞ்சள், இரண்டு பழுப்பு, ஒன்று மட்டும் கருங்கறுப்பு, இறக்கை காய்ந்து பஞ்சுபோல. மாஷி அதை எடுத்துத் தன் கண்ணிமையின் மேல் வைத்துக்கொண்டார். சரியாக இருந்திருக்க வேண்டும். ரொம்ப நேரம் அதைக் கண்ணிலிருந்து எடுக்கவே இல்லை.

நீங்கள் போவதாக இருந்தால்: டிசம்பரிலிருந்து மார்ச் வரை நல்ல காலம். அடையாள அட்டை கையிலேயே இருக்கட்டும், கேட்டில் கேட்பார்கள். கான்வாய் நேரத்தை முந்தின நாள் விசாரியுங்கள். ஒரே நாளில் போய்வர முடியாது, குறைந்தது நான்கு நாள் வையுங்கள். இரண்டு நாளில் எல்லாவற்றையும் பார்த்துவிடுவேன் என்று கிளம்பினால் பஸ்ஸை மட்டும்தான் பார்ப்பீர்கள். ஏழு இரவுக்கு எனக்கு மொத்தம் 2,300 ரூபாய் ஆனது, தங்கியது அக்கா வீடு என்பதால். காட்டுக்குள் கான்வாய் மெதுவாகப் போகும்போது டிரைவரிடம் கிட்டப் போகச் சொல்லாதீர்கள்.

செவ்வாய்க்கிழமை திரும்பினேன். அதே டிரைவர். மடியில் ஒன்றுமில்லாததைப் பார்த்து "வேலை கதமா?" என்றார். ஆமாம் என்றேன். காட்டுக்குள் இந்தத் தடவை எதையும் எண்ணவில்லை. ஜிர்காடாங் தாண்டி சிக்னல் வந்ததும் போனில் அக்காவின் மெசேஜ் இருந்தது.

"ரெண்டாவது அடைக்கு நூத்திப் பத்து முட்டை வெச்சாச்சு. மாஷி பக்கத்துலயே இருக்காங்க. நல்லா ஓடுது. நீ வராத."